ஐந்தரைக் கட்டையில் ஒரு பாட்டு

அக்காவுக்கு ரைஸ் குக்கர் வாங்கப் போன கடையில்தான் அந்த எண்ணம் என்னைப் பிடித்தது. எனக்கு அப்போது பதினாறு வயது. மூடி இறுக்கமாக இருக்கிறதா இல்லையா என்று அக்கா கடைக்காரரோடு வாதாடிக்கொண்டிருக்க, மூலையில் நிறுத்தி வைத்திருந்த கீபோர்ட்டின் பொத்தான்களை நான் ஒவ்வொன்றாக அழுத்திக்கொண்டிருந்தேன். பியானோ வந்தது, புல்லாங்குழல் வந்தது. ஏழாவதோ எட்டாவதோ அழுத்தலில் ஒரு சத்தம் வந்தது. கூரான, காய்ந்த, தொட்ட உடனே மறைந்துபோகிற சத்தம். யாரோ வீணையைத் தட்டச்சுப் பொறியில் ஏற்றிவிட்டாற்போல இருந்தது. சின்னத் திரையில் ஹார்ப்சிகோர்ட் என்று ஆங்கில எழுத்து நின்றது.

"தங்கச்சி, வாங்கப் போறீங்களா, விளையாடப் போறீங்களா?" என்று கடைக்காரர் அங்கிருந்தே கேட்டார்.

"அவ எங்க போனாலும் விளையாட்டுத்தான். நீங்க இந்த மூடியப் பாருங்க" என்றாள் அக்கா.

பியானோவில் தந்தியைச் சுத்தியலால் அடிக்கிறார்கள், ஹார்ப்சிகோர்ட்டில் கிள்ளுகிறார்கள் என்பதெல்லாம் பிறகு படித்துத் தெரிந்துகொண்டது. கடையில் நிற்கும்போதே முடிவு எடுத்துவிட்டேன். இதை வாசிக்கிறவளாகத்தான் நான் ஆகப்போகிறேன்.

அதே பத்து நிமிடத்தில் இன்னொன்றையும் கண்டுபிடித்தேன். திரைக்குப் பக்கத்தில் கூட்டல் குறியும் கழித்தல் குறியும் போட்ட இரண்டு பொத்தான்கள். அவை சுருதியை மாற்றுபவை. கையை ஒரே இடத்தில் வைத்து வாசித்துக்கொண்டே, சத்தத்தை மட்டும் ஏற்றலாம், இறக்கலாம். ஒரு கட்டைச் சுருதியில் வாசித்தால் பெரும்பாலும் வெள்ளைக் கட்டைகளே போதும், விரல் தடுக்காது. மற்றச் சுருதிகளில்தான் கறுப்புக் கட்டைகள் குறுக்கே வரும். இந்தப் பொத்தான் இருக்கும்போது அந்தக் கஷ்டம் எதற்கு? ஆசையும் குறுக்குவழியும் எனக்கு ஒரே நாளில், ஒரே கடையில் கிடைத்தன. பத்து வருடமாக இரண்டையும் பிரித்துப் பார்க்கத் தெரியாமல் இருந்துவிட்டேன்.

நான் வேகமாகப் பிடித்துக்கொள்கிறவள். பள்ளிக்கூடத்திலும் பல்கலைக்கழகத்திலும் அப்படித்தான் தப்பித்தேன். எந்தப் பாட்டையும் இரண்டு தரம் கேட்டால் கால் மணி நேரத்தில் வாசித்துவிடுவேன். பழைய கீபோர்ட் ஒன்று வீட்டுக்கு வந்தது. ஓர் அப்பியாசக் கொப்பியில் பாட்டுகளின் முதல் வரியை எழுதி, பக்கத்தில் ஓர் எண்ணைப் போட்டேன். பிளஸ் மூன்று. மைனஸ் நாலு. பிளஸ் ஐந்து. பாட்டு எந்தச் சுருதியில் அச்சாகியிருந்தாலும் என் கை ஒரு கட்டைச் சுருதியில்தான். மிச்சத்தைப் பொத்தான் பார்த்துக்கொள்ளும். இசைக் கோட்பாட்டுப் பரீட்சைகளில் நல்ல புள்ளிகள் எடுத்தேன். நாலு கறுப்புக் கட்டை வரும் சுருதியைத் தாளில் எழுதச் சொன்னால் அழகாக எழுதுவேன். வாசிக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை.

கண்டி நகரத்தில் நாங்கள் போகும் தேவாலயத்தில் தமிழ் ஆராதனைக்குப் பத்தொன்பது வயதிலிருந்து நான்தான் கீபோர்ட் வாசித்தேன். குண்டசாலையில் எங்கள் வீட்டைச் சுற்றியிருந்த பிள்ளைகள் எட்டுப் பேருக்கு வகுப்பு எடுத்தேன். அவர்களுக்கும் அந்தப் பொத்தானைக் காட்டிக் கொடுத்திருக்கிறேன். இதை எழுதும்போது கை கூசுகிறது. கலியாண வீடுகளுக்கு வாசித்தேன். முகநூலில் என் பெயருக்குக் கீழே 'ஹார்ப்சிகோர்ட், ஓர்கன் கலைஞர்' என்று போட்டிருந்தேன். இன்றுவரை ஒரு ஹார்ப்சிகோர்ட்டை நான் தொட்டது கிடையாது. கண்டியில் ஒன்று இருப்பதாகக் கேள்விப்பட்டதும் இல்லை. எங்கள் தேவாலயத்திலேயே ஓர்கன் இருந்தது. நான் கீபோர்ட்டை வைக்கும் இடத்திலிருந்து ஆறடி தள்ளி, சுவர் உயரத்துக்குக் குழாய்களோடு நின்றது. அதை ஆங்கில ஆராதனைக்காரர் ஒருவர் வாசித்தார். அவர் பிள்ளைகளோடு இருக்க வெளிநாடு போன பிறகு யாரும் வாசிக்கவில்லை.

இந்த வருடம் ஐரோப்பாவில் ஒரு பயிற்சி நெறிக்கு விண்ணப்பித்தேன். ஹார்ப்சிகோர்ட்டும் ஓர்கனும் சேர்த்து இரண்டு வருடம் படிப்பிக்கிறார்கள். வாசிப்பைப் படம் பிடித்து அனுப்பச் சொன்னார்கள். கீபோர்ட்டில் ஹார்ப்சிகோர்ட் சத்தத்தை வைத்து, அக்காவின் போனில் எடுத்து அனுப்பினேன். விரல்கள் நன்றாகத் தெரிய வேண்டும் என்று மேலேயிருந்து எடுத்தோம்.

பதில் மூன்று வரியில் வந்தது. உங்களிடம் நல்ல காது இருக்கிறது. ஆனால் உங்கள் கைகள் ஒரு சுருதியில் இருக்கின்றன, எங்களுக்குக் கேட்பது வேறொரு சுருதி. அந்த வசதி இல்லாத ஒரு வாத்தியத்தில் வாசித்து, அடுத்த மாத முடிவுக்குள் மறுபடி அனுப்புங்கள்.

குண்டசாலை பஸ்ஸில் நின்றுகொண்டு அதைப் படித்தேன். பக்கத்தில் நின்றவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு இடம் விட்டு நகர்ந்தார். வீட்டில் அம்மா, "பதில் ஏதும் வந்துச்சா?" என்று கேட்டார். இன்னும் இல்லை என்றேன். ஒரு மாதம் என்ன, ஒரு வாரத்தில் சரிசெய்துவிடலாம் என்றுதான் அப்போது நினைத்தேன்.

அந்தக் கிழமைதான் எங்கள் சபையில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் காலமானார். தன் அடக்க ஆராதனைக்கு என்ன பாட்டு என்று அவர் முன்கூட்டியே எழுதி வைத்திருந்தார். குழாய் ஓர்கனில்தான் வாசிக்க வேண்டும் என்றும் எழுதியிருந்தார். வெளிநாட்டிலிருந்து வரும் மகளுக்காக ஆறு நாள் காத்திருந்தார்கள். சபை நிர்வாகக் குழுவின் செயலாளர் என்னைக் கூப்பிட்டுக் கேட்டார். யாழ்ப்பாணத்துப் பெண்மணி, மாவட்டச் செயலகமான கச்சேரியில் பெரிய பதவியில் இருந்து ஓய்வு பெற்றவர். ஒரு வார்த்தையை வீணாகச் சொல்ல மாட்டார்.

"பிள்ளை, உமக்கு அந்த ஓர்கன் பழக்கமோ?"

"பழக்கம்தான் அன்ரி."

"வடிவா யோசிச்சுச் சொல்லும். ஏலாது எண்டால் கீபோர்ட் இருக்கு, ஒரு பிரச்சினையும் இல்லை."

"ஏலும் அன்ரி."

கொப்பியில் அந்தப் பாட்டுக்கு நேரே மைனஸ் நாலு என்று இருந்தது. அது ஒரு கட்டைக்கு நாலு படி கீழே வரும் ஐந்தரைக் கட்டைப் பாட்டு, கறுப்புக் கட்டைகள் நாலு. ஓர்கனில் கூட்டல் கழித்தல் பொத்தான் எதுவும் இல்லை.

தேவாலயத்தைப் பார்த்துக்கொள்பவர் ஹந்தானை மலையிலிருந்து தினமும் இறங்கி வருவார். என்னைவிடப் பத்து வயது மூத்தவர், அண்ணே என்று கூப்பிடுவேன். ஓர்கன் அறையைப் பூட்டித் திறக்கும் திறப்பு அவரிடம்தான் இருந்தது. உள்ளே குழாய்களுக்குக் காற்று ஊதும் மோட்டாருக்கு எண்ணெய் விடுவதும் எலி பிடிப்பதும் அவர்தான். ஓர்கனை வாசிக்க ஆளில்லாத காலத்திலும் கிழமைக்கு ஒரு தரம் அதை ஓடவிட்டு வைத்திருந்தார்.

முதல் நாள் பின்னேரம் பழகி முடித்துவிட்டு, விரலைக் கட்டைகளிலிருந்து எடுக்க மறந்து சுவிட்சை அணைத்துவிட்டேன். காற்று இறங்க இறங்க அந்தச் சுரமும் இறங்கியது. ஒரு நீண்ட ஓலம்.

"ஐயோ மிஸ், மாடு கத்துது" என்று அவர் உள்ளேயிருந்து ஓடி வந்தார்.

இன்னொரு தரம் செய்து காட்டினேன். மூன்றாம் தரம் அவரே வந்து ஒரு கட்டையை அழுத்தினார், நான் சுவிட்சை அணைத்தேன். இரண்டு பேரும் நான் உட்கார்ந்திருந்த வாங்கைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம். வெளிநாட்டுப் படிப்பு பற்றி, அனுப்ப வேண்டிய வீடியோ பற்றி, எல்லாவற்றையும் அவரிடம் அளந்தேன். பதில் மின்னஞ்சலில் என்ன எழுதியிருந்தது என்பதை மட்டும் சொல்லவில்லை.

ஆறு நாளும் பழகினேன். காலால் வாசிக்கும் கட்டை வரிசையைத் தொடவே இல்லை, கால்களை வாங்கின் அடியில் மடித்து வைத்துக்கொண்டேன். ஐந்தாம் நாள் ஐந்தரைக் கட்டையில் நாலு வரியும் தட்டித் தடவி வந்தது. போதும் என்று நினைத்தேன்.

அடக்க ஆராதனை அன்று தேவாலயம் நிறைந்திருந்தது. ஆசிரியையிடம் படித்தவர்கள் பின்னால் நின்றுகொண்டிருந்தார்கள். போதகர் பாட்டின் முதல் வரியைச் சொன்னார். நான் கையை வைத்தேன். கை தானாகப் போய் உட்கார்ந்த இடம் ஒரு கட்டைச் சுருதி. பத்து வருடம் உட்கார்ந்த இடத்தில்தான் உட்கார்ந்தது. முன்னிசை முடிந்து சபை பாடத் தொடங்கிய பிறகுதான் எனக்கே தெரிந்தது, பாட வேண்டிய சுருதியைவிட நாலு படி மேலே வாசித்துக்கொண்டிருக்கிறேன் என்று. முதல் இரண்டு வரியைச் சமாளித்தார்கள். மூன்றாவது வரியில் பாட்டு மேலே ஏறும். அங்கே ஆண்கள் விட்டார்கள், பிறகு பெண்கள் ஒவ்வொருவராக விட்டார்கள். கடைசியில் ஒரு குரல்தான் கீச்சிட்டுக்கொண்டு போனது. அது இறந்தவரின் மகள்.

இரண்டாவது சரணத்தில் ஐந்தரைக் கட்டைக்கு மாறப் பார்த்தேன். விரல்கள் இங்கே இரண்டும் அங்கே மூன்றுமாக விழுந்தன. யாரோ திரும்பிப் பார்த்தார்கள். அப்போது அதைச் செய்தேன். இடது கையை அழுத்தியபடியே வைத்துக்கொண்டு வலது கையால் சுவிட்சை அணைத்தேன். பதற்றத்தில் கை பட்டுவிட்டது என்று எனக்கு நானே பல தடவை சொல்லிப் பார்த்தேன். அது பொய். கையை எடுக்காவிட்டால் எப்படிச் சத்தம் வரும் என்று எனக்குத் தெரியும். அந்தச் சத்தம் வேண்டும் என்பதற்காகத்தான் கையை எடுக்கவில்லை.

ஓர்கன் ஓலமிட்டு ஓய்ந்தது. சபை அதிர்ந்து அமைதியானது. நான் போதகரைப் பார்த்து, காற்று நின்றுவிட்டது என்று கையால் சைகை காட்டினேன். மகள்தான் விட்ட இடத்திலிருந்து பாட்டை எடுத்தார். சபை அவர் பின்னால் வாத்தியம் இல்லாமலே பாடி முடித்தது, சரியான சுருதியில்.

பக்கக் கதவால் அண்ணன் வேகமாக உள்ளே வந்தார். மோட்டார் அறைக்குப் போகவில்லை. நேரே என்னிடம் வந்தவர், சுவிட்சைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். திரும்பிப் போனார்.

வாசலில் அந்த மகள் என் கையைப் பிடித்துக்கொண்டார். "நீர் என்ன செய்வீர் பிள்ளை? மெசின்தானே. அம்மா இருந்தாலும் உம்மைப் பேசியிருக்க மாட்டா." நான் தலையாட்டினேன். அழவும் செய்தேன். என் துக்கத்தைப் பார்த்து இன்னும் இரண்டு பேர் ஆறுதல் சொன்னார்கள்.

அடுத்த கிழமை நிர்வாகக் குழு கூடியது. என்னையும் அண்ணனையும் கூப்பிட்டார்கள். வாசித்துக்கொண்டிருக்கும்போதே காற்று நின்றுவிட்டது என்று சொன்னேன். செயலாளர் அண்ணனிடம் திரும்பினார்.

"மோட்டருக்கு எண்ணெய் விடுறனீரோ?"

"விடுறேங்கம்மா. அதுக்கு முந்துன வெள்ளிக்கிழமையும் விட்டேன்."

"அப்ப ஏன் நிண்டது?"

அவர் என் பக்கம் பார்த்தார். நான் மேசையில் இருந்த பூச்சாடியைப் பார்த்தேன்.

"தெரியலைங்கம்மா."

"தெரியாதெண்டால் எப்பிடி? உம்மை நம்பித்தானே விட்டிருக்கிறம்."

ஒருவர், எலி ஏதோ வயரைக் கடித்திருக்கும், இவர் பார்க்கவில்லை என்றார். இன்னொருவர், இனி இந்தப் பழைய பெட்டியோடு மாரடிக்க முடியாது என்றார். ஓர்கனைப் பூட்டி வைப்பது, திறப்பைச் செயலாளரே வைத்துக்கொள்வது, புதிதாக ஒரு மின்னணு ஓர்கன் வாங்குவது, அதை நான் வாசிப்பது என்று முடிவானது. மின்னணு ஓர்கனில் அந்தப் பொத்தான் இருக்கும். எனக்குத் தண்டனை கிடைக்கவில்லை, பரிசு கிடைத்தது. அண்ணன் இடுப்பு வளையத்திலிருந்து ஒரு திறப்பைக் கழற்றி மேசையில் வைத்தார். வளையத்தைத் திரும்பக் கொளுவ அவருக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது.

வீட்டில் அக்கா ஒரு கிழமையாக இதை வைத்தே பிழைத்தாள். விளக்கு மங்கினால், "ஏய் ஓர்கன்காரி, எதையாவது தொட்டியா?" என்பாள். மிக்ஸி நின்றால், "அவளக் கூப்பிடு, மிக்ஸிக்கும் அஞ்சலி வாசிக்கட்டும்" என்பாள். அம்மா சிரிப்பார். நானும் சிரித்தேன்.

உண்மையைச் சொல்ல வேண்டும் என்ற எண்ணம் எதனால் வந்தது என்பதையும் எழுதியாக வேண்டும். மனச்சாட்சி உறுத்தியதால் வரவில்லை. மாத முடிவு நெருங்கியது, வீடியோ அனுப்ப வேண்டும், பொத்தான் இல்லாத வாத்தியம் எனக்குத் தெரிந்து அந்த ஓர்கன் ஒன்றுதான், அது பூட்டிக் கிடந்தது. அதைத் திறக்க வழி என்ன என்று கணக்குப் போட்டபோதுதான் உண்மை நினைவுக்கு வந்தது.

மழை விட்ட ஒரு பின்னேரம் போனேன். அண்ணன் தேவாலய முற்றத்தில் மழைத் தண்ணீர் ஓடும் கானில் அடைத்திருந்த இலைகளை வாரிக்கொண்டிருந்தார்.

"அண்ணே, ஒரு விஷயம் சொல்லணும்."

"சொல்லுங்க மிஸ்."

"அன்னைக்கு மோட்டார் நிக்கல."

"தெரியும்." இலைகளை வாரிக்கொண்டே இருந்தார். "மாடு கத்துறது எனக்குத் தெரியாதா? நம்ம ரெண்டு பேரும் சேந்து வளத்த மாடுதானே."

"அப்ப ஏன் கூட்டத்துல சொல்லல?"

"நான் சொன்னா யாரு கேப்பா? படிச்ச பிள்ள ஒரு பக்கம், கான் அள்ளுறவன் ஒரு பக்கம். தப்ப மறைக்கப் பழி போடுறான்னு அதையும் சேத்துச் சொல்லுவாங்க." நிமிர்ந்து முதுகைப் பிடித்துக்கொண்டார். "அதோட, நீங்களே சொல்லுவீங்கன்னு பாத்தேன். பூச்சாடியப் பாத்துக்கிட்டு இருந்தீங்க."

காலடியில் கிடந்த ஈர இலைகளைச் செருப்பால் ஒதுக்கினேன்.

"வீடியோ இன்னும் அனுப்பல தானே மிஸ்?" என்று கேட்டார்.

குரலில் குத்தல் இல்லை. சும்மா விசாரிப்பதுபோலத்தான் கேட்டார். கூட்ஸ் ஷெட் பஸ் நிலையம்வரை நடந்தேன், குண்டசாலை பஸ் இரண்டைப் போகவிட்டேன், திரும்பவும் நடந்து செயலாளர் வீட்டுக்குப் போனேன்.

அவர் கதிரையைக் காட்டினார். நான் நின்றபடியே சொன்னேன். கீபோர்ட் பொத்தானிலிருந்து தொடங்கிச் சுவிட்ச் வரைக்கும், ஐரோப்பாவிலிருந்து வந்த மின்னஞ்சலையும் சேர்த்து.

"அவரிட்ட மன்னிப்புக் கேட்டனீரோ?"

"சொல்லிட்டேன் அன்ரி."

"சொன்னதைக் கேக்கேல்லை. மன்னிப்புக் கேட்டனீரோ?"

அப்போதுதான் உணர்ந்தேன், நான் கேட்கவில்லை. ஏன் சொல்லவில்லை என்று அவரைத்தான் கேள்வி கேட்டுவிட்டு வந்திருந்தேன்.

"முதல்ல அதைச் செய்யும். பிறகு ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடியச் சபைக்கு முன்னால எழும்பி நீரே சொல்லும். அவரைக் கூட்டத்தில எல்லாருக்கும் முன்னாலதான் குறை சொன்னது. கதவுக்குப் பின்னால வந்து திருத்தேலாது. நீர் சொல்லி முடிய நான் திறப்பை அவரிட்டக் குடுப்பன். உம்மிட்ட இல்லை."

அதற்கு முன் ஒரு நாள் ஓர்கனைத் திறந்து தருவீர்களா என்று கேட்க வாய்வரை வந்தது. மாத முடிவு சனிக்கிழமை. ஞாயிற்றுக்கிழமைக்கு ஒரு நாள் முன்னால். விழுங்கிக்கொண்டேன். வாசலில் செருப்பைப் போடும்போது அவர் பின்னாலிருந்து சொன்னார்: "அந்தப் பிள்ளைக்கும் ஒரு கடிதம் எழுதும். தாயை அடக்கம் பண்ணின அண்டைக்கு உம்மைத் தேற்றிப்போட்டுப் போனவ."

கடிதம் பாதியில் நிற்கிறது. மூன்று தாளைக் கிழித்துவிட்டேன். ஒவ்வொன்றிலும் என் கஷ்டத்தைப் பற்றியே அதிகம் எழுதியிருந்தேன்.

அண்ணனிடம் மறுநாள் காலையிலேயே மன்னிப்புக் கேட்டேன். அவருக்கு அது சங்கடமாக இருந்தது. சரி மிஸ், சரி மிஸ் என்று, கூட்டிக்கொண்டிருந்த தும்புத்தடியை இந்தக் கைக்கும் அந்தக் கைக்கும் மாற்றினார். ஞாயிற்றுக்கிழமை சபைக்கு முன்னால் உண்மையைச் சொல்லி முடித்த கையோடு அதே பாட்டை ஓர்கனில் வாசிக்கப் போகிறேன், சபை பாட ஒத்துக்கொண்டால் பாடட்டும், இல்லாவிட்டால் கேட்கட்டும் என்றேன்.

"நான் மோட்டாரப் போட்டுட்டு சுவிட்சுக்குப் பக்கத்துலயே நிக்கிறேன்" என்றார். "கை அந்தப் பக்கம் வந்தா அடிச்சுருவேன் மிஸ்."

கீபோர்ட்டின் இரண்டு பொத்தான்கள் மேலும் பிளாஸ்டர் ஒட்டியிருக்கிறேன். வகுப்புக்கு வந்த பிள்ளைகள், பொத்தானுக்குக் காயமா மிஸ் என்று கேட்டார்கள். இனி நாம் எல்லோரும் கறுப்புக் கட்டைகளைப் பழகப் போகிறோம் என்றேன். ஒருத்தி முகத்தைச் சுளித்தாள். நானும் அவர்களோடு சேர்ந்து ஒவ்வொரு விரலாகத்தான் பழகுகிறேன். இன்று புதன்கிழமை. முதல் இரண்டு வரி ஐந்தரைக் கட்டையில் வருகிறது. நாலாவதும் வருகிறது. சபை கைவிட்ட அந்த மூன்றாவது வரியில் இடது கையின் நாலாம் விரல் இன்னமும் வெள்ளைக் கட்டையிலேயே இறங்குகிறது. ஞாயிற்றுக்கிழமையும் இறங்கக்கூடும். இறங்கினால் நிறுத்தாமல், அந்தத் தப்போடேயே நாலாவது வரிக்குப் போய்ப் பாட்டை முடிக்க வேண்டும். அதைத்தான் இப்போது மறுபடி மறுபடி பழகிக்கொண்டிருக்கிறேன்.